மலர் நிழல்

மாலை ஆறு மணி பத்து நிமிடத்துக்கு வரவேண்டிய கோடு அன்றைக்கும் வரவில்லை. ரேமண்ட் வேலைச் சட்டையைக்கூட மாற்றாமல் சாப்பாட்டு மேசையில் லேப்டாப்பைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். மலேசியாவின் ஜோகூர் மாநிலத்தில் சாஆ என்ற சிறு ஊரில் மலர் தன் ரொட்டி வேனை வீட்டு வாசலில் நிறுத்திவிட்டு, வண்டியின் ஜிபிஎஸ் பொட்டியிலிருந்து அன்றைய ஓட்டத்தை எடுத்து மேப் குழுவுக்கு அனுப்பும் நேரம் அது. எந்தத் தோட்டத்துக்குள் நுழைந்தாள், எந்தச் செம்மண் ரோட்டில் திரும்பினாள், எங்கே நின்றாள் என்பதெல்லாம் ஒரு கோடாக வந்து மேப்பின் மேல் விழும். நாலு வருடத்தில் தீபாவளிக்கு முதல் நாள்கூட அது தவறியதில்லை. இப்போது மூன்று வாரமாக ஒன்றும் இல்லை. ஆறரைக்கு அவன் கைத்தொலைபேசி ஒருமுறை முனகியது. பாய்ந்து எடுத்துப் பார்த்தான். மலர் குழுவிலிருந்து வெளியேறிவிட்டாள் என்று ஒற்றை வரி.

ரேமண்டைப் பற்றிக் கொஞ்சம் சொல்லிவிட வேண்டும். வயது நாற்பத்தாறு. கெலாங் பாத்தாவில் ஒரு சரக்குக் கிடங்கில் சூப்பர்வைசர். கல்யாணம் ஆகவில்லை. ஏன் ஆகவில்லை என்று மாதா கோயிலில் எந்தப் பெண்மணியைக் கேட்டாலும் ஒரே பதில்தான் வரும்: "அவனுக்குத்தான் மேப்போட கல்யாணம் ஆயிருச்சே லா." தங்கை ஆட்ரியோடு ஒரு தாமான் குடியிருப்பு வீட்டில் இருக்கிறான். அவள் தினமும் பாலம் தாண்டி சிங்கப்பூருக்குப் போய் ஒரு பல் கிளினிக்கில் வேலை பார்த்துவிட்டு, திரும்பி வரும்போது பேசுவதற்குக்கூடத் தெம்பில்லாமல் வருவாள். ஆனால் அண்ணனைக் கேலி செய்ய மட்டும் அவளுக்கு எங்கிருந்தோ தெம்பு வந்துவிடும்.

அந்த மேப் விவகாரம் இதுதான். பத்துப் பதினைந்து வருடத்துக்கு முன்னால் கார் கண்ணாடியில் ஒட்டிவைக்கிற ஜிபிஎஸ் பொட்டி எல்லார் வண்டியிலும் இருந்ததே, ஞாபகம் இருக்கிறதா? அப்படி ஒரு பொட்டிக்கு மென்பொருள் செய்த கம்பெனி கடையைக் கட்டிவிட்டுப் போய்விட்டது. பொட்டிகள் மட்டும் சாகாமல் கிடந்தன. சில கிறுக்கர்கள் சேர்ந்து அந்த மென்பொருளைப் பிரித்துப்போட்டு, பூட்டை உடைத்து, திரையை மாற்றி, தாங்களே வரைந்த மேப்பை அதற்குள் ஏற்றி ஓடவிட்டார்கள். ஜோகூரில் அப்படிப்பட்ட கிறுக்கர்கள் எழுபது பேர் இருப்பார்கள். குழுவுக்குப் பெயர் பெத்தா லோரோங், அதாவது சந்துகளின் மேப். கைத்தொலைபேசியில்தான் உலகமே இருக்கிறதே, இந்தப் பழைய பொட்டி எதற்கு என்று கேட்பவர்கள் ஒருமுறை எண்ணெய்க்காக வளர்க்கும் செம்பனைக் காட்டுக்குள் பத்து நிமிடம் வண்டி ஓட்டிப் பார்க்கட்டும். சிக்னல் போய்விடும். திரும்பிய பக்கமெல்லாம் ஒரே மரம், ஒரே மண். செம்பனைப் பழ லாரி ஓட்டுகிறவர்களுக்கும், தோட்டத்துக்குள் போய்ப் பிழைக்கிறவர்களுக்கும் இன்டர்நெட் இல்லாமல் வழி சொல்லும் அந்தப் பொட்டிதான் தெய்வம். ஜோகூர் மேப்பை மாதத்துக்கு ஒருமுறை தொகுத்து வெளியிடுகிற வேலை ரேமண்டுடையது. யாரும் கொடுக்கவில்லை, அவனே இழுத்துப் போட்டுக்கொண்டது.

மலர் குழுவில் சேர்ந்தபோது வண்டி நம்பரையே பெயராக வைத்திருந்ததால் எல்லாரும் அவளை ஆண் என்றுதான் நினைத்தார்கள். "ப்ரோ" என்றார்கள். அவளும் மறுக்கவில்லை. இரண்டு வருடம் கழித்து ஒரு மழை நாளில் குரல் செய்தி ஒன்று வந்தது. "அண்ணே, அந்தப் பலகைப் பாலம் ஒரு பக்கம் எறங்கிப் போச்சி. லாரிய விட்டுராதீங்க. நான் தாண்டிட்டேன். எப்புடித் தாண்டுனேன்னு மட்டும் கேக்காதீங்க." குழு முழுக்க மளமளவென்று "அக்கா", "சிஸ்டர்" என்று மாறியது. ரேமண்ட் அந்தச் செய்தியைப் பதினோரு தடவை கேட்டான். எல்லாருக்கும் பொதுவாக வந்ததுதான், ஆனால் அந்த 'அண்ணே' தனக்கென்றே வந்ததாக அவன் எடுத்துக்கொண்டான். ஆட்ரியிடம் சொன்னபோது, "அண்ணேன்னு கூப்புட்டாங்களா? அப்ப முடிஞ்சிச்சி கத" என்று சிரித்தாள்.

கதை முடியவில்லை. அவன் அவளைப் பார்த்ததில்லை, போட்டோகூடக் கண்டதில்லை. ஆனால் அவள் கோட்டை அவனுக்குத் தெரியும். வளைவுகளில் வேகம் பாதியாகக் குறையும், வேனுக்குள் முட்டைத் தட்டு இருப்பதால். மழை வந்தால் கோடு மேட்டுப் பாதையாகச் சுற்றும். ஒரு குறிப்பிட்ட வீட்டு வரிசையில் நாலு நிமிடம் போதும் என்கிற இடத்தில் பதினைந்து நிமிடம் நிற்பாள், அங்கே யாரோ வாய் ஓயாதவர் இருக்கிறார் போலும் என்று அவன் தனக்குள் சிரித்துக்கொள்வான். ஒரு மனுஷியை அவள் போன வழியை வைத்தே நேசிக்க முடியுமா என்று யாராவது கேட்டிருந்தால் அவன் வெட்கப்பட்டிருப்பான். ஆனால் அதைத்தான் செய்துகொண்டிருந்தான்.

செவ்வாயும் வெள்ளியும் மட்டும் ஒரு விசேஷம் இருந்தது. மதியம் இரண்டு மணிவாக்கில் தோட்டத்தின் பதினாலாம் பிளாக்கின் கோடியில், ஓர் ஓடைக்குப் பக்கத்தில், எந்த மேப்பிலும் ரோடே இல்லாத இடத்தில் அவள் வண்டி நிற்கும். நின்ற வண்டியின் கோடு நிற்காது. ஒரே இடத்தில் சுற்றிச் சுற்றிக் கிறுக்கிக்கொண்டிருக்கும், நூல்கண்டு சிக்கினதுபோல. நாற்பது நிமிடம் அந்தச் சிக்கல். பிறகு கோடு கிளம்பிவிடும். பாவம், காலை நாலு மணிக்கு எழுந்து ரொட்டியும் நாசி லெமாக் என்கிற தேங்காய்ப்பால் சோறும் ஏற்றிக்கொண்டு கிளம்புகிறவள், அங்கே நிழலில் கால் நீட்டுகிறாள் என்று ரேமண்ட் முடிவு கட்டினான். ஓடை இருக்கிறது, முகம் கழுவலாம். செம்பனைக்கு நடுவில் ஒரு பெரிய மரம் நிற்பது செயற்கைக்கோள் படத்தில் கரும்பச்சையாகத் தெரிந்தது.

குழுவில் ஒரு விதி உண்டு. ஒருவர் கோட்டில் மட்டும் தெரிகிற நிறுத்தத்தை இடம் என்று வரையக் கூடாது, மூன்று பேர் கோடு வேண்டும். அந்த விதியை எழுதியவனே ரேமண்ட்தான். இன்னொரு வழக்கமும் உண்டு. புது இடத்தை யார் முதலில் ஓட்டிக் காட்டுகிறார்களோ அவர் பெயரை அதற்கு வைப்பார்கள். போன வெளியீட்டில் அவன் விதியை மறந்து வழக்கத்தைப் பிடித்துக்கொண்டான். அவளுக்கு ஒரு சந்தோஷம் கொடுப்போமே என்றுதான். அவள் அந்த வழியாகப் போகும்போது பொட்டி தானாகவே அவள் பெயரைச் சொல்லும், அவள் சிரிப்பாள், யார் செய்தது என்று அவளுக்குத் தெரியும் என்றெல்லாம் கணக்குப் போட்டு, மெயின் ரோட்டிலிருந்து அந்த ஓடைவரை ரோடு வரைந்து, முனையில் ஒரு கோப்பைப் படம் வைத்தான். ஓய்விடம். பெயர்: மலர் நிழல். ஆசை யாரை விட்டது!

லாரிக்காரர்களுக்காக அந்த மென்பொருளில் ஒரு வசதி செய்திருந்தார்கள். நாலு மணி நேரம் தொடர்ந்து ஓட்டினால் பக்கத்தில் எங்கே கோப்பைப் படம் இருக்கிறதோ அங்கே போய் ஓய்வெடுக்கச் சொல்லி பொட்டி கூப்பிடும். ரேமண்ட் அதை யோசிக்கவே இல்லை.

மலர் வெளியேறிய வரியையே வெறித்துக்கொண்டிருந்தபோது அதற்குக் கீழே ஒரு படம் வந்து விழுந்தது. போட்டவன் ஜீவன், பழ லாரி ஓட்டுகிற பையன், கலகலப்பானவன். ஓடையில் மூன்று பேர் இடுப்பளவு நின்று குளிக்கிறார்கள். கரையில் இரண்டு லாரி. 'மலர் நிழல் பெஸ்ட்லா. இங்க தினமும் ஆளு' என்று எழுதியிருந்தான். ரேமண்ட் படத்தைப் பெரிதாக்கினான். மரத்தடி முழுக்கப் பிளாஸ்டிக் பை, டின், உணவுப் பொட்டலம். அவற்றுக்கு நடுவே முழ நீளத்தில் ஒரு சிமெண்டு மேடை. சுற்றிலும் வெள்ளை அடித்த கற்கள். மேடையின் தலைமாட்டில் ஒரு கல், அதில் மஞ்சள் பூசி பொட்டு வைத்திருந்தது. பால் டின் ஒன்றில் குரோட்டன் செடி. அந்தக் கல்லின் மேல் ஒருவனுடைய ஈரச் சட்டை காய்ந்துகொண்டிருந்தது. முழ நீளம். அதற்குமேல் இல்லை. ரேமண்டுக்கு நாற்பது நிமிடம் என்பதன் அர்த்தம் அப்போதுதான் புரிந்தது. "இயேசுவே" என்றான் வாய்விட்டு.

ஜீவனைக் கூப்பிட்டான்.

"ஜீவன், அந்த எடத்துல கல்லு ஒன்னு இருக்குல்ல?"

"எந்தக் கல்லு ப்ரோ?"

"சட்ட காயப் போட்டிருக்கல்ல, அதுக்குக் கீழ."

படத்தைத் திறந்து பார்க்கிறான் போலும். "அலமாக், ஐயோ" என்றான் பிறகு, குரல் இறங்கிப்போய். "ப்ரோ, சத்தியமா நான் பாக்கல. சின்னப் புள்ளையோட சமாதியா?"

எட்டு மணிக்கு ஆட்ரி வந்தபோது ரேமண்ட் இன்னும் அதே நாற்காலியில் இருந்தான். எல்லாவற்றையும் சொன்னான். அவள் கைப்பையைக் கழற்றாமலே கேட்டாள். முடித்ததும் ஆறுதல் சொல்வாள் என்று அவன் எதிர்பார்த்தான்.

"நாலு வருஷமா ஒரு பொம்பள எங்க நிக்கிறா, எவ்வளவு நேரம் நிக்கிறான்னு பாத்துக்கிட்டே இருந்திருக்க. அதுக்குப் பேரு என்னண்ணா?"

"மேப்பு" என்றான் அவன்.

"மேப்பாம்" என்று சொல்லிவிட்டு அவள் குளிக்கப் போனாள். அந்த ஒரு வார்த்தை அவனை அறைந்த அறை இருக்கிறதே, அவன் அப்பா சந்தனசாமி உயிரோடு இருந்த காலத்தில்கூட அப்படி ஓர் அறை வாங்கியதில்லை. மலருக்கு 'மன்னிச்சிருங்க. தெரியாம செஞ்சிட்டேன். எடுத்துடறேன்' என்று அனுப்பினான். படித்துவிட்டாள் என்று நீலக் குறி விழுந்தது. பதில் வரவில்லை.

எடுத்துவிடுகிறேன் என்று சொல்வது லேசு. இன்டர்நெட் மேப்பாக இருந்தால் ஒரு தட்டு தட்டினால் உலகம் முழுக்க அழிந்துவிடும். இது அப்படி இல்லையே! ஒருமுறை வெளியே விட்டால் அந்த மேப் ஒவ்வொரு பொட்டியின் மெமரி கார்டிலும் போய் உட்கார்ந்துகொள்ளும். யாருடைய கையும் எட்டாது. அதுதான் அதன் பெருமை என்று ரேமண்டே எத்தனை கூட்டத்தில் பேசியிருக்கிறான். புது வெளியீடு போட்டாலும் குழுவில் இருக்கிற எழுபது பேரில் பாதிப்பேர் ஏற்றிக்கொள்வார்கள். அவர்களிடமிருந்து கார்டைக் காப்பி அடித்த லாரிக்காரர்கள் குழுவிலேயே இல்லை. வருடத்துக்கு ஒருமுறை மாற்றினால் பெரிது. ஒரு வருடம் அந்தக் கல்லின் மேல் சட்டை காயும். அதை நினைத்ததும் அவனுக்குச் சோறு இறங்கவில்லை.

மறுநாள் சனிக்கிழமை. விடிந்தும் விடியாததுமாக இரண்டு மணி நேரம் கார் ஓட்டி சாஆ பக்கம் போனான். அந்த ஓடைக்குப் போகவில்லை. போக அவனுக்கு உரிமையில்லை என்று தோன்றியது. ஜீவன் சொன்ன செம்பனை ஆலைக்குப் போனான். பழம் ஏற்றிவந்த லாரிகள் எடை போடுவதற்காக ஆலை வாசலிலிருந்து அரை மைல் வரிசையில் நிற்கும், எப்படியும் இரண்டு மூன்று மணி நேரம். சுற்றுவட்டாரத்தில் எந்த லாரியானாலும் அந்த வரிசைக்கு வந்துதான் ஆகவேண்டும். ரேமண்ட் காரை ஓரம் கட்டி, பானெட்டின் மேல் லேப்டாப்பை வைத்து, ஒவ்வொரு லாரியாகப் போய்க் கண்ணாடியைத் தட்டினான். "பாங், அண்ணே, பொட்டி இருக்கா? புது மேப் போட்டுத் தரேன். ப்ரீ." சிலர் சிரித்துக்கொண்டே கழற்றிக் கொடுத்தார்கள். சிலர் இவன் யார் பைத்தியம் என்று கண்ணாடியை ஏற்றிக்கொண்டார்கள். அந்தக் கோப்பையும் பெயரும் இல்லாத மேப்பை ஏற்ற ஒரு கார்டுக்கு ஆறு நிமிடம். வெயில் மண்டையைப் பிளந்தது. புளித்த பழ வாடை சட்டைக்குள் ஏறிக்கொண்டது. ஜீவன் முன்னும் பின்னும் ஓடி, "குடுங்கண்ணே, நம்ம ஆளுதான்" என்று வாங்கி வந்தான். அன்று பத்தொன்பது கார்டு.

பதினோரு மணிக்கு ஒரு வெள்ளை வேன் வந்தது. ஆலை முனையின் வளைவில் வேகத்தைப் பாதியாகக் குறைத்துத் திரும்பிய விதத்திலேயே அவனுக்குத் தெரிந்துவிட்டது. வேன் வரிசையின் முன்பக்கமாக நின்றது, லாரிக்காரர்கள் இறங்கிப் போய்த் தே தாரிக் டீயும் சோற்றுப் பொட்டலமும் வாங்கினார்கள். அவன் இருந்த கடைசிப் பக்கத்துக்கு வேன் வரவில்லை. திரும்பிப் போய்விட்டது. அடுத்த சனிக்கிழமையும் அப்படியே. ஜீவன் வேனுக்குப் போய்விட்டு வந்து, "நீங்க மேப் மாத்துறது அவங்களுக்குத் தெரியும் ப்ரோ. கேட்டாங்க. நானும் சொன்னேன்" என்றான். "என்ன சொன்னாங்க?" "ஒன்னும் சொல்லல. எனக்கு முட்ட ஒன்னு கூடுதலா வச்சிக் குடுத்தாங்க." அது நல்ல சகுனமா கெட்ட சகுனமா என்று ரேமண்ட் ஒரு வாரம் யோசித்தான்.

மூன்றாவது சனிக்கிழமை வேன் நேராக அவன் காருக்குப் பின்னால் வந்து நின்றது. இறங்கியவள் குள்ளமாக, அகலத் தொப்பியும் நீளக் கைச் சட்டையும் போட்டிருந்தாள். முன் நெற்றியில் ஒரு கொத்து முடி நரைத்திருந்தது. கையில் பொட்டி.

"என்னோடதையும் மாத்திக் குடுங்க" என்றாள். அதே குரல்.

அவன் வாங்கினான். கார்டைக் கழற்றி லேப்டாப்பில் செருகினான். மன்னிப்புக் கேட்க இரண்டு வாரமாக மனப்பாடம் செய்து வைத்திருந்ததெல்லாம் எங்கே போனதோ.

"எனக்குத் தெரியாது மலர். தெரிஞ்சிருந்தா..."

"தெரியாதுதான்" என்றாள் அவள். "தெரியாதத ஏன் வரஞ்சீங்க?"

ஒரு லாரி எஞ்சினை உறுமவிட்டு ஒரு வண்டி தூரம் முன்னால் நகர்ந்து நின்றது.

"நான் ரோட்டத்தான் அனுப்புனேன். என்னைய அனுப்பல" என்றாள். கோபமாகச் சொல்லவில்லை. அதுதான் அவனுக்குத் தாங்கவில்லை. "எம்பேர வேற வச்சிட்டீங்க. லாரிக்காரனுங்க எங்கிட்டயே வந்து, அக்கா மலர் நிழலுக்குப் போயிட்டு வரோம்னு சிரிக்கிறானுங்க. எனக்கு எப்புடி இருந்திருக்கும்?"

"கெட்ட எண்ணத்துல பாக்கல. சாமி சத்தியமா" என்றான் ரேமண்ட். இனி மறைத்து என்ன ஆகப்போகிறது என்று தோன்றியது. "ஒங்க கோடு வந்தாத்தான் எனக்குச் சோறு எறங்கும். பத்திரமா வீட்டுக்கு வந்துட்டீங்கன்னு அர்த்தம். அவ்வளவுதான். அதச் சொல்லத் தெரியாம அந்தக் கோப்பைய வச்சிட்டேன்."

மலர் அவனை முதல்முறையாக நிமிர்ந்து பார்த்தாள். தொப்பியின் நிழலில் அவள் கண் சரியாகத் தெரியவில்லை. "ரோடும் நான் ஓட்டுனதாலதான வந்துச்சி?" என்று கேட்டாள்.

"ஆமா."

"அதையும் எடுத்துருங்க."

பெத்தா லோரோங்கில் ரோட்டை அழிப்பது பாவம். வெள்ளம் அடித்துப்போன ரோட்டைக்கூடப் புள்ளிக்கோடாகவாவது வைத்திருப்பார்கள். ரேமண்ட் மேப்பைத் திறந்து, மெயின் ரோட்டு முனையிலிருந்து ஓடைவரை போன கோட்டைத் தேர்ந்தெடுத்து அழித்தான். பிறகு முழு ஜோகூரையும் மறுபடி தொகுக்கக் கொடுத்தான். திரையில் நேரம் காட்டியது: பதினோரு நிமிடம். மலர் வேனுக்குப் போய் இரண்டு கோப்பைத் தேநீரும் ஒரு மடக்கு நாற்காலியும் கொண்டுவந்தாள். நாற்காலியை அவனுக்குப் போட்டுவிட்டு, அவள் வேன் படிக்கட்டில் உட்கார்ந்தாள்.

"பொம்பளப் புள்ள" என்றாள், ஆலைப் புகைக்கூண்டைப் பார்த்துக்கொண்டு. "இருவத்தி ரெண்டு நாளுதான் இருந்துச்சி. முப்பத்தொன்னாம் நாளு பேரு வைக்கிறதா இருந்தோம். மின்னாடி அங்க தோட்டத்துல வேல செஞ்சவங்களுக்கு லைன் வீடு இருந்துச்சி. அந்த மரம் எங்க வீட்டுப் பின்னால நின்ன பலா மரம். சின்னக் கொழந்தைங்கள சுடுகாட்டுக்குக் கொண்டு போவ மாட்டாங்க, ஓடப் பக்கத்துலயே வச்சிருவாங்க. அப்பறம் தோட்டத்த வித்தாங்க, லைன இடிச்சாங்க, செம்பன போட்டாங்க. எங்க வீட்டுக்காரரு சிங்கப்பூர் வேலைக்குப் போனவரு அங்கயே ஒரு குடும்பமா இருந்துட்டாரு. இந்த வேன் வாங்குனதே உள்ள போயி வர ஒரு சாக்கு வேணும்னுதான். சும்மா ஒரு பொம்பள உள்ள போனா ஏன்னு கேப்பாங்க. ரொட்டி விக்கப் போனா யாரும் கேக்க மாட்டாங்க."

ரேமண்ட் தேநீரைக் குடிக்காமல் கையிலேயே வைத்திருந்தான். அவனுக்கு அழுகை வந்தது. அடக்கவும் இல்லை. புறங்கையால் துடைத்துக்கொண்டான். முன்னால் நின்ற லாரியிலிருந்து இறங்கி வந்தவன், இவர்களைப் பார்த்துவிட்டு மறுபடி ஏறிக்கொண்டான்.

"மொத நாளு போயிப் பாத்தப்ப எனக்கு வந்த கோவத்துல ஒங்கள வெட்டிப் போட்டிருப்பேன்" என்றாள் மலர். "பொட்டிய ஓடைல வீசிரலாம்னு பாத்தேன். அப்பறம் போன செவ்வாக்கெழம போறேன், கல்லச் சுத்திப் புல்லெல்லாம் யாரோ வெட்டி வச்சிருக்காங்க. இந்தோனேசியாக்காரரு ஒருத்தரு வெட்டுனாருன்னு சொன்னாங்க. இன்னொரு ஆளு பிஸ்கட் பாக்கெட்டு ஒன்னு பிரிச்சி வச்சிட்டுப் போயிருக்காரு. மாரி பிஸ்கட்டு. எறும்பு மொய்க்குது." கோப்பையைக் கீழே வைத்தாள். "பத்தொம்பது வருஷமா எம்புள்ளைக்கு என்னையத் தவிர யாரும் ஒன்னும் குடுத்ததில்ல. எனக்கு அத எடுத்துப் போடவும் மனசு வரல, விடவும் மனசு வரல. அங்கயே நின்னுக்கிட்டு இருந்தேன்."

"அப்ப ரோட்ட விட்டுரட்டுமா?" என்று கேட்டான் ரேமண்ட், மெதுவாக. "கோப்பைய மட்டும் எடுத்துட்டு?"

மலர் திரையை எட்டிப் பார்த்தாள். லேப்டாப்பில் இன்னும் நாலு நிமிடம் இருந்தது.

"வேணாம்" என்றாள். "பொட்டி சொல்லி வர்றவங்க வேணாம். வந்தா நான் கூட்டிக்கிட்டு வந்தவங்களா இருக்கட்டும்."

தொகுப்பு முடிந்தது. அவளுடைய கார்டில் ஏற்றினான், பிறகு தன் காரிலிருந்த பொட்டியிலும். அவள் வாங்கிக்கொண்டு போய்த் தன் வண்டிக் கண்ணாடியில் ஒட்டினாள். போய்விடுவாள் என்று அவன் நினைத்தான். அவள் வேனின் பின்கதவைத் திறந்து எதையோ தேடினாள். கறுப்புக் குப்பைப் பைகள் ஒரு கட்டும், ஒரு துடைப்பமும் எடுத்து முன் இருக்கையில் போட்டாள். பிறகு, அவன் பக்கம் திரும்பாமலே சொன்னாள்: "குப்ப நெறைய கெடக்கு. ஒத்த ஆளா அள்ளுனா பொழுது போயிரும்."

ரேமண்ட் லேப்டாப்பை மூடினான். மடக்கு நாற்காலியை என்ன செய்வது என்று தெரியாமல் ஒரு கணம் தடுமாறி, அதைத் தன் காரிலேயே போட்டுக்கொண்டான்.

வேன் முன்னால் போக அவன் பின்னால் போனான். மெயின் ரோட்டில் மூன்று மைல். பிறகு வேன் இடதுபக்கம் செம்பனை வரிசைக்குள் திரும்பியது. அவன் காரின் பொட்டியில் ரோடு அத்தோடு நின்றுபோனது. அம்புக்குறி மட்டும் ஒரு கோடும் இல்லாத பச்சைக்குள் நுழைந்தது. "வழித்தடத்தில் இல்லை, திரும்பிச் செல்லவும்" என்றது பொட்டி. கொஞ்சம் போனதும் மறுபடி சொன்னது. வாழ்நாளில் ஒருமுறைகூட மேப்புக்கு வெளியே வண்டி ஓட்டியிராதவன் அவன். ஸ்டியரிங்கை இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்துக்கொண்டான். செம்மண் புழுதி எழும்பி முன்னால் போன வேனை மூடிவிட்டது. இடதா வலதா என்று தெரியவில்லை. வேகத்தைக் குறைத்து, கண்ணாடியை இறக்கி, எஞ்சின் சத்தம் எந்தப் பக்கம் கேட்கிறது என்று காது கொடுத்தான். ஒன்றும் கேட்கவில்லை. புழுதி கொஞ்சம் கொஞ்சமாகப் படிந்தது. இரண்டு பாதை பிரிகிற இடத்தில் வெள்ளை வேன் எஞ்சினை அணைத்துவிட்டு நின்றுகொண்டிருந்தது. அதன் வலப்பக்க மஞ்சள் விளக்கு மட்டும் அவனுக்காக எரிந்து எரிந்து அணைந்துகொண்டிருந்தது.